அண்ணாவின் பேரில் வாங்கியது

10.02.2008, ஞாயிறு
பதுளை

அண்ணா நேற்றுக் கட்டாருக்குத் திரும்பிவிட்டான். வீடு பழையபடி. அம்மா மறந்துபோய் நாலு கோப்பை தேத்தண்ணி போட்டுவிட்டு, ஒன்றைத் தானே இரண்டாம் முறை குடித்தா.

கேம் மெஷினை எங்களுக்கு விட்டுவிட்டுப் போயிருக்கிறான். அங்கே புதிது வாங்குவானாம். அம்மா அதற்குச் சந்தனமும் குங்குமமும் வைத்து, மேலே லேஸ் துணியும் போட்டிருக்கிறா. புதுச் சாமான் என்றால் அவவுக்கு சைக்கிளும் ஒன்றுதான், கிரைண்டரும் ஒன்றுதான்.

ஸ்விட்சைப் போட்டதும் பேர்கள் வரும். தனேஸ் என்று அண்ணா, லதுஷா என்று நான், பிறகு அப்பா. மூன்றாவது அண்ணாவின் பகிடி, அப்பா இதைத் தொடவே மாட்டார். அவரவர் தன் பேருக்குள் போய் விளையாட வேண்டும். கேம்கள் சீடித் தட்டில் இல்லை. அவன் தோஹாவில் இருந்து இன்டர்நெட்டில் வாங்கி, மெஷினுக்குள்ளேயே இறக்கி வைத்தவை.

பஸ் ஏறும்போது சொன்னான்: "எல்லாம் என்ர பேரில வாங்கினது. நீங்களும் விளையாடலாம், ஒரு பிரச்சினையும் இல்லை. என்ர பேரை மட்டும் அழிச்சுப்போடாதை. அழிச்சா எல்லாம் பூட்டிக்கொள்ளும்."

நான் ஏன் அழிக்கப்போகிறேன்? எனக்கு அதில் ஒரு கார்ப் பந்தயம் போதும். ஆசிரியர் நியமனம் வரும்வரை வேறு வேலையும் இல்லை.

02.03.2008, ஞாயிறு

அப்பாவைக் கையும் களவுமாகப் பிடித்தேன்.

கோயிலால் வந்து செருப்பைக் கழற்றும்போது உள்ளே டக், டக் என்று சத்தம். பார்த்தால் மனுசன் சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு, கதிரையின் விளிம்பில் இருந்து பில்லியட்ஸ் விளையாடுகிறார். "சின்னப்பிள்ளையளின்ர விளையாட்டு" என்று ஒரு மாதமாக முகத்தைச் சுளித்தவர்!

கேட்டதற்கு விளக்கம் தந்தார். அரசாங்கக் கச்சேரியில் காணிப் பகுதிக் கிளார்க்காக இருந்த காலத்தில், அவசரக் கடதாசி என்றால் மேலதிகாரியான பெரியவரிடம் கையெழுத்து வாங்கத் தோட்டத் துரைமாரின் கிளப்புக்குப் போகவேண்டுமாம். பெரியவர் கையில் கோலோடு பில்லியட்ஸ் மேசையில் நிற்பார். ஆட்டம் முடியும்வரை அப்பா கதவடியில் நிற்பார்.

"உள்ள வாரும் எண்டு ஒருநாளும் ஒருத்தரும் சொல்லேல்லை. நானும் போகேல்லை. நிண்டு பாத்தே பழகினனான்."

பிறகு ஒரு பந்தைச் சுவரில் மோதவிட்டுத் திருப்பிக் குழிக்குள் போட்டார். உண்மையிலேயே நல்ல கை.

23.03.2008

இப்போது மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு டிவி அப்பாவுக்கு. அம்மாவின் நாடகம் போச்சு. "பென்சன் எடுத்த மனுசன் சொந்த ஊருக்கு, யாழ்ப்பாணம் போய்க் கிணத்தடியில வாழை நடுவன் எண்டவர். சண்டையில பாதையைப் பூட்டினாங்கள், இப்ப பந்து உருட்டுறார்" என்றா அம்மா. கோபமாகச் சொல்லவில்லை. அப்பா முழங்கால் நோவைப் பற்றிக் கதைப்பது குறைந்திருக்கிறது, அதுவே அவவுக்குப் போதும்.

13.04.2008, வருடப்பிறப்பு

எழுதவே மனமில்லை. எழுதாமலும் இருக்க முடியவில்லை.

அண்ணா வாழ்த்துச் சொல்லத்தான் போன் எடுத்தான். எல்லோரும் கேட்கட்டும் என்று ஸ்பீக்கரில் போட்டிருந்தேன். வாழ்த்தோடு மற்றதையும் சொல்லிவிட்டான். ஜனவரியில் லீவில் நின்றபோது பதிவுத் திருமணம் செய்துவிட்டானாம். பெயர் சந்திரமலர். மடுல்சீமையில் தேயிலைத் தோட்டப் பள்ளிக்கூடத்தில் படிப்பிக்கிறாவாம். விசா சரிவந்ததும் கூட்டிப்போவானாம்.

அப்பா முதலில் கேட்டது: "ஆற்ற பிள்ளை?"

"தகப்பன் இல்லை. தாய் பெரியாயி. கொழுந்து எடுக்கிறவ."

"தோட்டக்காட்டிலயோ போய்ப் பொம்பிளை எடுத்தனி?"

அவ்வளவுதான். போனை வைத்துவிட்டுப் பின்பக்கம் போனார். காலையில் மருத்துநீர் வைத்துத் தோய்ந்த தலை இன்னும் காயவில்லை. அதன் மேலேயே தொட்டித் தண்ணீரை வாளி வாளியாக அள்ளி ஊற்றினார். அம்மா ஓடிப்போய் வாளியைப் பிடித்தா. "இஞ்சாருங்கோ, உயிரோட இருக்கிற பிள்ளைக்கு ஏன் தலை முழுகிறியள்? நல்லநாள் பெருநாளில!" அப்பா விடவில்லை. "எனக்கு ஒரு பிள்ளைதான். லதுஷா மட்டும்தான்" என்றார்.

கடவுளே, என்ன மனுசன் இவர்! முப்பது வருசமா இந்த ஊர்த் தேத்தண்ணியைக் குடிச்சு வளந்த உடம்பு. தேத்தண்ணி குடிக்கலாம், கொழுந்து எடுக்கிறவவின்ர மகள் மட்டும் கூடாதோ? எனக்கு இவரில அப்பிடி ஒரு ஆத்திரம் வருது—

பலகாரம் ஒருவரும் தொடவில்லை.

16.04.2008

ஹோலில் இருந்த அண்ணாவின் படத்தைக் கழற்றிவிட்டார். ஆணி அப்படியே இருக்கிறது.

மத்தியானம் மெஷினைப் போட்டார். முதல் பேர் தனேஸ். "உதிலயும் அவனோ? உந்தப் பேரை அழி."

அழித்தால் பில்லியட்ஸும் பூட்டிக்கொள்ளும் என்று சொன்னேன். அண்ணா சொன்னதை அப்படியே சொன்னேன். சிரித்தார்.

"காணிப் பகுதியில இருந்த எனக்கு நீ சொல்லித் தாறியோ? காணி உறுதிப் பத்திரம் ஆற்ற பேரிலயும் இருக்கட்டும். ஆண்டு அனுபவிக்கிறவனுக்கு ஆட்சி உரித்து. பெட்டி என்ர வீட்டில இருக்கு, என்ர கரண்டில ஓடுது, விளையாடுறது நான். அவன்ர பேர் போனா எனக்கென்ன?"

"அதுக்குப் பத்து வருசம் ஆளவேணும் எண்டு நீங்கள்தானே அப்பா சொல்லுவியள்?"

முறைத்தார். நான் அழிக்கமாட்டேன் என்று சொல்லிவிட்டு எழும்பி வந்துவிட்டேன்.

19.04.2008, சனி

அவரே அழித்துவிட்டார். நிச்சயமா என்று மெஷின் கேட்டது. ஓம் என்று அமத்தினார்.

20.04.2008

பில்லியட்ஸின் படத்தின்மேல் சின்னதாய் ஒரு பூட்டுப் போட்டிருக்கிறது. என் கார்ப் பந்தயத்திலும் அதே பூட்டு. அப்பா திரும்பத் திரும்ப அமத்திப் பார்த்தார். வயரைக் கழற்றித் திரும்பச் செருகினார். "அப்பா எண்ட பேர் இருக்கே, நான் எடுத்த புள்ளியெல்லாம் இருக்கே, பிறகேன் திறக்குதில்லை?"

"புள்ளி உங்கட. விளையாட்டு அண்ணாவின்ர."

எனக்குச் சந்தோசமாக இருந்தது. அதையும் எழுதி வைக்கிறேன்.

25.05.2008, ஞாயிறு

அப்பா தேய்ந்துபோய்த் திரிகிறார். மத்தியானத்தில் என்ன செய்வதென்று தெரியவில்லை. பேப்பரில் மரண அறிவித்தல் வரைக்கும் வாசிக்கிறார். முழங்கால் நோவு திரும்பிவிட்டது. அம்மா டிவியில் நாடகம் பார்க்கிறா, ஆனால் அவவுக்கும் அதில் ருசி இல்லை.

அப்பா ஒருவருக்கும் சொல்லாமல் மெஷினை மார்க்கட் பையில் போட்டுக்கொண்டு ஸாஹிர் நானாவின் கொமியூனிகேஷன் கடைக்குப் போயிருக்கிறார், பூட்டை உடைக்க. பதுளை டவுனில் இன்டர்நெட் வேலை எல்லாவற்றுக்கும் அவர்தான். நானா கையை விரித்துவிட்டாராம். "இது சாவிப் பூட்டு இல்ல சேர். யார் வாங்கினாரோ அவருட பேர திரும்பப் போட்டு, பாஸ்வேர்டும் அடிக்கோணும். மகன்ட்ட ஒரு போன் கோல் எடுத்துக் கேளுங்களேன்."

ஒரு கோல். அப்பாவிடம் போய்ச் சொல்கிறார்!

15.06.2008, ஞாயிறு

நானே ஸாஹிர் நானாவின் கடையில் இருந்து அண்ணாவுக்கு எடுத்தேன். பாஸ்வேர்டைச் சொல், நான் அடிக்கிறேன் என்றேன்.

"மலருக்குத் தெரியும். அவ வந்து போட்டுத் தருவா. ஆனா அப்பா கூப்பிடவேணும்."

"உனக்கு விசரா? கூப்பிடுவாரா?"

"கூப்பிடாட்டி பூட்டு இருக்கட்டும். நானும் இருக்கிறன் வெளியில."

அவன் அழுதானோ தெரியாது. லைன் அப்படி.

வீட்டில் சொன்னேன். அப்பா கேட்காத மாதிரிப் பேப்பரைத் திருப்பினார். அம்மா குசினிக்குள் போய் முகத்தைத் துடைத்தா. இந்த வீட்டுக்குள் அண்ணா திரும்ப வருவதென்றால் இனி இந்த வழியால்தான். வேறு வழி எனக்குத் தெரியவில்லை.

12.07.2008, சனி

அப்பா என்னைக் கூப்பிட்டு, கதவைச் சாத்தச் சொன்னார். "நீ மடுல்சீமைக்கு எடு. நீ கூப்பிடுற மாதிரிக் கூப்பிடு. நான் பக்கத்தில நிக்கிறன் எண்டு சொல்லாதை."

எடுத்தேன். சந்திரமலரின் குரலை இன்றுதான் முதல்முதல் கேட்கிறேன். அமைதியான குரல். "ஐயாவுக்கு ஒடம்பு எப்படிங்க இருக்கு? கால் வலின்னு சொன்னாங்க." பிறகு, "நீங்க கூப்புட்டது சந்தோசங்க. ஆனா ஐயா வாயால ஒரு வார்த்த சொல்லட்டும். நாளைக்கே பஸ் ஏறிடுறேன்."

போனை அப்பாவிடம் நீட்டினேன். வாங்கவில்லை. நீட்டிக்கொண்டே நின்றேன். கை நோகத் தொடங்கியது. அம்மா கதவைத் திறந்து எட்டிப் பார்த்தா.

கடைசியில் வாங்கினார். தொண்டையைச் செருமினார். "வணக்கம். நான் சரவணமுத்து கதைக்கிறன். தாங்கள் தங்களுக்குச் சௌகரியமான ஒரு சனிக்கிழமையில் வருகை தந்தால் உதவியாக இருக்கும்" என்றார். கச்சேரியில் இருந்து கடிதம் போகிற மாதிரி! எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. அம்மாவும் சிரித்துவிட்டா. புதுவருசத்துக்குப் பிறகு அவ சிரித்தது இன்றுதான்.

பில்லியட்ஸுக்காகவா, அண்ணாவுக்காகவா? கேட்கவில்லை. கேட்டால் பில்லியட்ஸ் என்றுதான் சொல்லுவார்.

09.08.2008, சனி

அப்பா அவவை வீட்டுக்குக் கூப்பிடவில்லை, அதையும் எழுதவேண்டும். ஸாஹிர் நானாவின் கடைக்குத்தான். இன்டர்நெட் அங்கேதான் இருக்கிறது என்பது அப்பாவின் நியாயம்.

மடுல்சீமைப் பாதை மழையில் பழுதாம். சந்திரமலர் வந்துசேரச் சுணங்கிவிட்டா. பச்சைச் சேலை, விளிம்பில் சேறு, கையில் ஒரு பையில் அவக்காடோ. அப்பா பையை வாங்கவில்லை, நான் வாங்கினேன். நானா கிரிக்கெட் போடுகிற டிவியில் மெஷினை இணைத்துத் தந்தார்.

சும்மா இருக்க முடியாமல் அப்பா ஸாஹிர் நானாவிடம் ஆட்சி உரித்தைப் பற்றித் தொடங்கினார். அனுபவிக்கிறவனுக்கு உரிமை இல்லாத சட்டம் என்ன சட்டம், கச்சேரியில் என்றால் இப்படி நடக்குமா என்று. சந்திரமலர் இன்டர்நெட் வயரைச் செருகிக்கொண்டே சாதாரணமாகச் சொன்னா:

"நாங்க நாலு தலமொறயா அதே தோட்ட லயத்து வீட்டுலதாங்க இருக்கோம். ஒரு அடி மண்ணும் எங்க பேருல இல்லீங்க."

காணிப் பகுதியில் இருந்தவருக்கு அது தெரியாததா? நானா எழும்பி ஃபேனைக் கூட்டினார்.

முதலில் அண்ணாவின் பேரைத் திரும்ப உண்டாக்க வேண்டும். நான் கொன்ட்ரோலருக்குக் கை நீட்டினேன். "இல்லைங்க. ஐயாவே போடட்டும்" என்றா.

திரையில் ஒவ்வொரு எழுத்தாகத் தேடிப் போய் அமத்தவேண்டும். அப்பாவுக்கு ஆங்கில எழுத்து ஒழுங்கு தெரியும், இது வேறு ஒழுங்கு. டி, எச், ஏ. பிழைத்துப்போய்த் திரும்ப முதலில் இருந்து. தனேஸ் என்று நிறுத்துவார் என்று நினைத்தேன். நிறுத்தவில்லை. தனேஸ்வரன் என்று முழுதாக எழுதினார். அழிக்கும்போது ஒரு அமத்தல். இதற்கு வேர்த்துவிட்டது.

பாஸ்வேர்டை அவ அடித்தா. கொஞ்சநேரம் வட்டம் சுற்றியது. பூட்டுப் போய்விட்டது.

எழும்புவார் என்று பார்த்தேன். கொன்ட்ரோலரை விடாமல், டிவியைப் பார்த்துக்கொண்டே கேட்டார்:

"உம்மட முழுப்பேர் என்ன?"

"சந்திரமலர்ங்க."

"அதை எப்பிடி எழுதிறனீர்? சியோ, எஸ்ஸோ?"

"சி எச் போட்டுத்தாங்க."

கடையில் போன் கோல் எடுக்க வந்த சனம் காத்துக்கொண்டு நின்றது. ஸாஹிர் நானா ஒருவரையும் அவசரப்படுத்தவிடவில்லை. அப்பா அவவின் பேரை எழுதிக்கொண்டிருந்தார். சேலைத் தலைப்பால் அவ கண்ணைத் துடைத்ததை நான் பார்த்தேன். எனக்கும் ஒரு மாதிரித்தான் இருந்தது.

அவவைப் பஸ்ஸுக்கு விடும்போது அப்பா பையை என்னிடம் இருந்து வாங்கிக்கொண்டார். "அவக்காடோ நல்ல பழம்" என்றார். அவ்வளவுதான் சொன்னார்.

11.08.2008

அம்மா அண்ணாவுக்கு எடுத்தா. முடியும் தறுவாயில் அப்பா தூரத்தில் இருந்து கத்தினார்: "அவனைக் கேள், அங்க வெயிலோ எண்டு." தோஹாவில் ஓகஸ்ட் மாதம் வெயிலா என்று! அண்ணா ஓம், நல்ல வெயில் என்றான்.

18.10.2008, சனி

இன்று மலர் அண்ணி முதல்முறையாக வீட்டுக்கு வந்தா. அம்மாவின் ஏற்பாடு. அப்பா காதில் விழாதது போல் இருந்தார். ஆனால் காலையிலேயே சவரம் எடுத்திருந்தார், நான் கவனித்தேன். ஆணியில் அண்ணாவின் படம் திரும்ப ஏறியிருந்தது. யார் மாட்டியது என்று ஒருவரும் ஒருவரைக் கேட்கவில்லை.

அண்ணி வந்த நேரம் அப்பா பில்லியட்ஸில் இருந்தார். ஸ்விட்சைப் போட்டதும் வரும் முதல் பேர் இப்போது என்னுடையது, பிறகு அப்பா, அண்ணா மூன்றாவது, கடைசியில் சந்திரமலர். அண்ணி செருப்பைக் கழற்றிவிட்டு வாசற்கதவடியில் நின்றா. உள்ளே வரவில்லை. அப்பாவும் திரும்பவில்லை. அம்மா குசினியில். நான் வாயைத் திறக்கப் போனேன்.

அப்பா பந்தை அடித்தார். அது குழிக்குள் போகும்வரை பார்த்தார். பிறகு கொன்ட்ரோலரைக் கதவுப் பக்கம் நீட்டினார்.

"ஏன் பிள்ளை கதவடியில நிக்கிறீர்? உள்ள வாரும். வந்து கோலைப் பிடியும்."