மாவுக்குள் சாம்பல்

மாலை வகுப்புக்குப் போகிறேன். நாளையும் போவேன். சோறும் குழம்பும் அடுக்களையில் மூடியிருக்கின்றன.

எஸ்டேட் பங்களாவில் தின்றதாக நீங்கள் சொன்ன பழப் பலகாரத்தை, வகுப்பில் எழுதிவந்த ஏட்டைப் பார்த்து நேற்று செய்தேன். உள்ளே வேகவில்லை. "ஏட்டைப் பாத்துச் சமைச்சா இப்படித்தேன் மதினி" என்று உங்கள் தங்கை மூக்கம்மாள் சிரித்தாள். நீங்களும் சிரித்து, "இனி வகுப்புக்குப் போக வேணாம்" என்றீர்கள்.

என் பிழைதானோ என்று ஏட்டை மூன்று முறை படித்தேன். மைதா, சீனி, பால் தலா ஒரு கிண்ணம், சிட்டிகை ஆப்பச்சோடா. உருக்கிய நெய்யில் மாவை ஊற்றி, மேலே திராட்சை. கிண்டக் கூடாது. மூடிமேல் தணல் போட்டு அரை மணி நேரம் திறக்கக் கூடாது. எதிலும் நான் தவறவில்லை.

காலையில் சட்டி கழுவும்போது வேகாத மாவுக்குள் சாம்பல் இருந்தது. தணலை வழித்துவிட்டுத்தான் நான் மூடியை எடுப்பேன். நேற்று சட்டி அடுப்பில் இருக்க நான் தண்ணீருக்குப் போனபோது வீட்டில் நீங்கள் மட்டும் இருந்தீர்கள்.

மூக்கம்மாள் இன்றும் வருவாள். எல்லாம் அளந்து வைத்திருக்கிறேன். நீங்களே செய்து கொடுங்கள்.

ராமுத்தாய்

திராட்சையில் காம்பு எடுத்துவிட்டேன்.

திறந்ததை என்னிடம் மட்டும் சொல்லியிருந்தால், அவள் முன்னால் பழியை நானே ஏற்றிருப்பேன்.