கண் காய்ந்த பிறகு வாங்க

மார்ச் 4, செவ்வாய்

அழுத அழுகையில், கழற்றி வைத்த கண்ணாடியின் மேலேயே உட்கார்ந்துவிட்டேன். மூன்று வருடக் காதலை 'நமக்கு ஒத்து வராது' என்று ஒரே வரிச் செய்தியில் முடித்தவனுக்காகக் கண்ணாடியும் போயிற்று.

கண்ணாடி இல்லாமல் கேக்கில் பெயர் எழுதினால் எப்படி இருக்கும்? கல்யாண கேக்கில் மாப்பிள்ளை பெயர் விளிம்பைத் தாண்டிச் சரிந்துவிட்டது. "கல்யாணத்துக்கு முன்னாடியே ஓடப் பாக்குறாரே!" என்று முதலாளியம்மா சிரித்தார். பிறகு சிரிக்காமல், "சீக்கிரம் கண்ணாடி மாத்து. இல்லேன்னா பேர் எழுத வேற ஆள் பாப்பேன்" என்றார்.

மார்ச் 5, புதன்

கண்ணாடிக் கடையில் கண் சோதிக்கும் அம்மா சிரிக்கவே தெரியாதவர். கருவியில் தாடையை வைத்ததும், "கண்ணு ஏன் சிவந்திருக்கு?" என்றார். அவ்வளவுதான், எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். முன்பின் தெரியாதவரிடம்! அவன் வாங்கிக் கொடுத்த குடை வரைக்கும்.

"மேல் வரியைப் படிங்க."

எல்லாம் தண்ணீரில் மிதந்தது.

"ஈரக் கண்ணுல பவர் சரியா வராது. வீட்ல அழுது முடிச்சிட்டு வாங்க. வெளியில ஆளுங்க காத்திருக்காங்க."

கல்நெஞ்சக்காரி!

மார்ச் 8, சனி

மறுபடியும் போனேன். பலகையில் இருக்கிற பெரிய எழுத்தே அவன் பெயரின் முதலெழுத்து. நான் என்ன செய்ய?

"எல்லாருக்கும் அதே எழுத்துதாம்மா. செவ்வாய்க்கிழமை வாங்க."

வழி முழுக்கத் திட்டிக்கொண்டே வந்தேன். வீட்டுக்கு வந்த பிறகுதான் உறைத்தது – திட்டியது அந்த அம்மாவை. அவன் ஞாபகமே வரவில்லை.

மார்ச் 10, திங்கள்

இன்று அழவில்லை. மறந்துவிட்டேன்.

மார்ச் 11, செவ்வாய்

பேருந்து நிறுத்தத்தில் அவன்! அதே நீலச் சட்டை, கோணலாக நிற்கும் அதே விதம். நேரே போய்ப் பிடி பிடியென்று பிடித்தேன். "ஒரு வரி எழுதிட்டுப் போயிட்டா ஆச்சா? நேர்ல சொல்லத் துப்பில்ல?"

அவர் பையை மார்போடு அணைத்துக்கொண்டு, "மேடம், நான் கரண்ட் மீட்டர் பாக்கறவன். வீடு பூட்டியிருந்தா சீட்டுதான் ஒட்டணும்னு ஆபீஸ்ல சொல்லியிருக்காங்க" என்றார்.

ஐயோ, என் மானம்!

இதைக் கண்ணாடிக் கடையில் சொன்னேன். அந்த அம்மாவின் உதடு முதலில் துடித்தது. பிறகு மேசையைத் தட்டித் தட்டிச் சிரித்தார். நானும் வயிறு வலிக்கச் சிரித்தேன். எவ்வளவு நாளாயிற்று, இப்படிச் சிரித்து! ஒருவழியாகத் தாடையை வைத்தேன். அவர் தன் கண்ணைத் துடைத்துக்கொண்டு என் கண்ணைப் பார்த்தார்.

"போச்சு! இன்னிக்கும் ஈரம். நாளைக்கு வாங்க."

மார்ச் 15, சனி

புதுக் கண்ணாடி. இன்றைய கேக்கில் மாப்பிள்ளை எங்கேயும் ஓடவில்லை.