மதியத்தில் யாரும் அளக்கவில்லை

கச்சிபௌலியில் என் மகன் வீட்டுப் பால்கனிக் கதவு இன்று மூன்று மணிக்கு மறுபடியும் சிக்கிக்கொண்டது. மேற்குப் பார்த்த வீடு. காலையில் ஒரு விரலால் தள்ளினால் ஓடுகிற கதவு, மதியமானால் அசைய மாட்டேன் என்கிறது. இரண்டு முறை இழுத்துப் பார்த்தேன். ஒரு முறை உதைத்தேன். எழுபத்தெட்டு வயதில் கதவை உதைக்கிறேன் என்றால் அதற்கு நீதான் காரணம். நீ போய் நான்கு மாதம் ஆகிறது. இறந்தவர்களைப் பற்றி நல்லதாக எழுத வேண்டும் என்பார்கள். என்னால் அது ஆகாது. மனசில் இருப்பதைத்தான் எழுதுகிறேன்.

உன்னுடையது செகந்திராபாத்தில் மூன்று தலைமுறையாக ஊறிய தமிழ்க் குடும்பம். நான் எழுபதுகளின் தொடக்கத்தில் திருநெல்வேலியிலிருந்து ஒரு டிரங்குப் பெட்டியோடு வந்து இறங்கியவன். இயந்திரங்கள் செய்யும் ஆலையில் ஒரே நாளில் சேர்ந்தோம், ஒரே சோதனைக் கூடத்தில் போட்டார்கள். கம்பெனி பஸ்ஸில் கடைசி வரிசையில் நமக்கென்று இரண்டு இடம் இருந்தது. போவன்பள்ளி தாண்டுவதற்குள் நீ ஏதாவது ஒரு விவாதத்தைக் கிளப்பிவிடுவாய். மனிதனுக்கு ஒரு விஷயம் எப்படிப் புரிகிறது? புரிவதற்கு முந்தின நொடியில் மண்டைக்குள் என்ன நடக்கிறது? ஆலைக்குப் போகும் பஸ்ஸில் வேறு யாரும் இதையெல்லாம் பேசவில்லை. எனக்கு அந்தப் பேச்சு பிடித்திருந்தது. அந்த ஊரில் எனக்கென்று இருந்தது அது ஒன்றுதான்.

"தெரியாததைத் தெரிஞ்சிக்கறது கஷ்டமில்லடா. தெரிஞ்சுபோச்சுன்னு நினைக்கிறதை விடறதுதான் கஷ்டம்" என்பாய். அந்த ஒரு வாக்கியத்துக்காகவே உன்னைப் பெரிய ஆளாக நினைத்திருந்தேன்.

பிறகு அந்தப் பெரிய புளோயர், காற்று ஊதும் இயந்திரம், சோதனைக்கு வந்தது. ஒரு மின் நிலையத்துக்குப் போக வேண்டியது. காலையில் ஓட்டினால் சத்தமில்லாமல் ஓடும். மதியம் ஓட்டினால் தரையே நடுங்கும். ஆறு வாரம் அதோடு மல்லுக்கட்டினோம். பேரிங்கை மாற்றினோம், விசிறியைக் கழற்றி எடை பார்த்தோம், மின்சாரத்தைக் குறை சொன்னோம். மோட்டாரின் தண்டும் புளோயரின் தண்டும் ஒரே கோட்டில் இருக்கின்றனவா என்பதை மட்டும் நாம் சந்தேகிக்கவே இல்லை. ஏனென்றால் அதைத் தினமும் அளந்தோம், தினமும் சரியாக இருந்தது. நான் ஒரு முறை மறுபடி அளக்கலாம் என்றதற்கு, "நக்கோடா, வேணாம், அந்த அளக்கற கேஜைத் திரும்பத் தூக்கிட்டு வராதே. அது பர்ஃபெக்ட்" என்றாய்.

அளக்கிற டயல் கேஜ், கருவிகள் வைக்கும் அறையிலிருந்து காலை எட்டு மணிக்குக் கிடைக்கும். சாப்பாட்டு மணி அடிப்பதற்குள் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும். அது அங்கே சட்டம். அதனால் மதியத்தில் அந்தத் தண்டை யாரும் ஒரு முறைகூட அளந்ததில்லை. ஆறு வாரமும் அது நம் புத்திக்கு எட்டவில்லை.

ஆறாவது வாரக் கடைசியில் ஒரு சாயங்காலம் வீடு திரும்பும்போது பஸ்ஸின் பின்கதவு திறக்கவில்லை. நாள் முழுக்க வெயிலில் நின்ற பஸ். டிரைவர் இறங்கி வந்து, ஏதோ முணுமுணுத்துவிட்டு ஓர் உதை விட்டார். கதவு திறந்தது. எல்லோரும் சிரித்தார்கள். நான் சிரிக்கவில்லை. உன் கையைப் பிடித்து, "ஏலே, அந்தப் பைப்பு வெளிய வெயில்லதான கெடக்கு?" என்றேன். புளோயரிலிருந்து மேற்குச் சுவரைத் துளைத்துக்கொண்டு முப்பது அடி இரும்புக் குழாய் வெட்டவெளியில் கிடந்தது. வெயில் ஏற ஏற அது நீண்டு புளோயரைத் தள்ளுகிறது, தண்டு கோட்டை விட்டு விலகுகிறது. காலையில் சுருங்கி ஒழுங்காக உட்கார்ந்திருக்கிறது, நாமும் அந்த நேரம் பார்த்துத்தான் அளக்கிறோம். நீ மெதுவாகத் தலையை ஆட்டி, "ஹவ்" என்றாய், ஆமாம் என்று.

மறுநாள் எனக்குக் காய்ச்சல். இரண்டு நாள் கழித்து வந்தபோது குழாய்க்கு நடுவே வளைந்து கொடுக்கிற இணைப்பு ஒன்றைப் போட்டிருந்தார்கள். புளோயர் மதியத்திலும் அமைதியாக ஓடியது. அறிக்கையில் உன் பெயர் மட்டும் இருந்தது. கம்பெனிப் பத்திரிகையில் புளோயர் பக்கத்தில் கைகட்டி நிற்கிற உன் படம் வந்தது. அடுத்த மாதம் உன்னை டிசைன் பிரிவுக்கு எடுத்துக்கொண்டார்கள். நான் ஓய்வு பெறும்வரை அதே சோதனைக் கூடத்தில் கிடந்தேன்.

"எம் பேரு எங்கலே?" என்று கேண்டீனில் வைத்துக் கேட்டேன்.

"புரியறது யாருக்கும் சொந்தமில்லடா. அது நமக்கு நடக்குது, அவ்ளோதான்" என்றாய்.

"அப்ப ஒம் பேர மட்டும் எதுக்குப் போட்ட?"

"யாராவது ஒருத்தர் கையெழுத்து வேணும்ல."

அத்தனை காலம் பஸ்ஸில் பேசிய தத்துவத்தை எடுத்து என் வாயை அடைத்துவிட்டாய். அதைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை. அடுத்த வாரமே வேறு வழியாகப் போகும் பஸ்ஸுக்கு மாறிக்கொண்டேன். உன் கல்யாணத்துக்கு வரவில்லை. என் மனைவியிடமும் மகனிடமும் இந்தக் கதையைச் சொல்லிச் சொல்லி, அவர்களுக்கு மனப்பாடமே ஆகிவிட்டது. ஒவ்வொரு முறையும் "அந்தப் பைப்பு" என்று நான் சொன்ன இடத்திலிருந்துதான் கதையைத் தொடங்குவேன்.

நீ போன பிறகு மாரேட்பள்ளியில் உன் வீட்டுக்கு வந்தேன். துக்கம் கேட்கத்தான் வந்தேன் என்று சொன்னால் பொய். உன் மகள் காபி கொடுத்துவிட்டுச் சொன்னாள்: "டாடி அந்த பஸ் ஸ்டோரி எப்பவும் சொல்வார் அங்கிள். டோர் ஜாம் ஆச்சாம், டாடிக்கு ஒன் செகண்ட்ல எல்லாம் புரிஞ்சிடுச்சாம்." பக்கத்தில் யாராவது இருந்தார்களா என்று கேட்டேன். "தெரியல அங்கிள். தனியா உக்காந்திருந்தேன்னுதான் சொன்னார்." நீ அவளிடம் பொய் சொன்னதாக எனக்குத் தோன்றவில்லை. சொல்லிச் சொல்லி நீயே நம்பிவிட்டாய். என்னிடமிருந்து திருடியதைவிட அது மோசம். காபியைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்து வந்தேன்.

இந்தக் கோபத்தோடுதான் இன்று கதவை உதைத்தேன். மருமகள் கீழே போன் செய்தாள். பராமரிப்பு ஆள் ஒருவர் மேலே வந்தார். கதவைத் தொட்டுப் பார்த்துவிட்டு, என் முகத்தைக்கூடப் பார்க்காமல், "தூப் மே ஃபூல்தா சாப். சுபூ டீக் ஹோஜாதா" என்றார். வெயிலில் உப்பிக்கொள்கிறது, காலையில் சரியாகிவிடும்.

கட்டிலில் உட்கார்ந்துவிட்டேன். அன்றைக்கு அந்த டிரைவர் முணுமுணுத்தது இதேதான். இதே வார்த்தைகள். கதவை உதைப்பதற்கு முன்னாலேயே அவர் எல்லாவற்றையும் சொல்லி முடித்துவிட்டார். வெயில், உப்புவது, காலையில் சரியாவது. நான் அதைக் காதில் வாங்கி, அடுத்த நொடி என்னுடையதாக்கி, உன் கையைப் பிடித்தேன். நீ என்னை விட்டுவிட்டுக் கதை சொன்னாய். நான் அவரை விட்டுவிட்டு ஐம்பது வருஷம் கதை சொல்லியிருக்கிறேன்.

இதனால் உன்னை மன்னித்துவிட்டேன் என்று நினைக்காதே. நீ செய்தது செய்ததுதான். ஆனால் உனக்காவது என் பெயர் தெரியும். மூன்று வருஷம் அந்த மனிதர் ஓட்டிய பஸ்ஸில் போய் வந்திருக்கிறேன். அவர் பெயர் எனக்குத் தெரியாது. அந்த முணுமுணுப்பு மட்டும்தான் இப்போது என்னிடம் இருக்கிறது.

பராமரிப்பு ஆள் கிளம்பும்போது அவரிடம் பெயர் கேட்டேன். புகார் கொடுக்கப் போகிறேன் என்று பயந்துவிட்டார் போலிருக்கிறது. வாசலிலேயே நின்று, எதற்கு என்கிற மாதிரி, "கைக்கு சாப்?" என்றார்.