ஜேர்மன் பேசிய அக்காவுக்கு

என் உயிரான ராணியக்கா,

நேற்று உங்களைப் பெரிய திரையில் பார்த்தேன். இங்கே ஜேர்மனியில், பான் நகரில் ஒரு சின்னத் தியேட்டர், இருபது பேர்கூட இல்லை. நீங்கள் போய் ஏழு மாதமாகிறது.

பாரிசில் இருபத்தைந்து வருடம் நடித்தீர்கள். ஆஸ்பத்திரியில் தரை துடைக்கிறவள், பொலிஸ் நிலையத்தில் பிள்ளைக்காகக் காத்திருக்கும் தாய். ஒரு படத்தில் இரண்டு வசனம் கிடைத்தால் பெரிய விஷயம். கடைசியில் ஓடும் எழுத்தில் உங்கள் பாத்திரத்துக்குப் பெயரே இருக்காது, 'மூன்றாவது பெண்' என்று வரும். அதையும் படம் பிடித்து எனக்கு அனுப்புவீர்கள்.

என் மகளுக்குக் கல்யாணம் பேசிய நேரம், நீங்கள் தரை துடைக்கும் காட்சியைப் பார்த்து மாப்பிள்ளை வீட்டார் சிரித்ததாகக் கேள்விப்பட்டேன். உடனே உங்களுக்குப் போன் எடுத்தேன்.

"வந்த நாட்டிலை உண்மையாத் துடைச்சது போதாதோ அக்கா? படத்திலையும் துடைக்கோணுமோ?"

"படத்திலை துடைக்கேக்கை நாலு பேர் என்னைப் பாக்கினம், தங்கச்சி" என்றீர்கள். அதன்பின் எனக்கு ஒரு படமும் அனுப்பவில்லை.

கடைசிப் படத்தின் முதல் காட்சிக்கு மட்டும் கூப்பிட்டீர்கள். இந்த முறை பாத்திரத்துக்குப் பெயர் இருக்கிறது, வசனமும் நிறைய என்று சொன்னீர்கள். டொக்டரிடம் நேரம் எடுத்திருக்கிறேன், தெர்மின் இருக்கிறது, வர ஏலாது என்றேன். டொக்டரும் இல்லை, தெர்மினும் இல்லை, அக்கா. வீம்பு. முதல் காட்சிக்கு மூன்று நாள் இருக்க உங்கள் இதயம் நின்றுவிட்டது.

நேற்றுத் திரையில் உங்கள் முகம் வந்தது. வாயைத் திறந்தீர்கள். யாரோ ஒருத்தி ஜேர்மனில் பேசினாள். இங்கே வெளிநாட்டுப் படங்களுக்குக் குரல் மாற்றுவது எனக்குத் தெரியாததா? ஆனாலும், வாழ்நாள் முழுக்கக் காத்திருந்து வாங்கிய வசனங்களை இன்னொருத்தி பேசிக்கொண்டு போனாள்.

பிறகு, படத்தில் நீங்கள் பராமரிக்கும் பிரெஞ்சுக் கிழவி சாகிற இடம். அவள் கையைப் பிடித்துக்கொண்டு குனிந்தீர்கள்.

"பயப்பிடாதையணை. நான் இஞ்சைதான் நிக்கிறன்."

தமிழ். அதை மட்டும் ஒருவரும் மாற்றவில்லை. உங்கள் அதே கரகரத்த குரல். நான் வாய்விட்டு அழுதேன். பக்கத்தில் இருந்த ஜேர்மன்காரி, தெரிந்தவரா என்று கேட்டாள். "என்ரை அக்கா" என்று தமிழிலேயே சொல்லிவிட்டேன். அவளுக்கு எப்படியோ விளங்கியது.

அந்த வசனம் எழுதித் தந்ததா, நீங்களாகச் சொன்னதா? உங்கள் கடைசி நேரத்தில் அதை உங்களுக்கு யார் சொன்னார்கள், அக்கா?

அடுத்த மாதம் மகளோடு பாரிசுக்கு வருகிறேன். நீங்கள் நடித்த எல்லாப் படத்தையும் உங்கள் மகன் வைத்திருக்கிறானாம். முதல் படத்திலிருந்து ஒவ்வொன்றாகப் பார்ப்போம். பிரெஞ்சு விளங்காவிட்டாலும் உங்கள் குரலிலேயே பார்ப்போம்.

நடிகை ராணியின் தங்கச்சி,
வதனி