பனியன் பார்க்க வந்த கிராண்ட்மாஸ்டர்

திருப்பூர்
14.11.1993

அன்புள்ள கண்ணு சாரதாமணிக்கு, அம்மா எழுதுகிறேன். நானும் அப்பாவும் இங்கே சுகமாக இருக்கிறோம், நீயும் அந்தக் குளிர் தேசத்தில் உடம்புக்கு ஒன்றும் இல்லாமல் இருக்க அவிநாசியப்பரை வேண்டிக்கொண்டேதான் பேனாவை எடுத்தேன். நீ போட்ட கடிதம் போன வாரம் வந்தது. அரைப் புள்ளியில் மூன்றாவது நார்ம் போய்விட்டது என்று எழுதியிருந்தாய். அந்த மூன்றும் சேர்ந்தால்தான் இன்டர்நேஷனல் மாஸ்டர் பட்டம் என்பது எனக்கு இப்போதுதான் சரியாக விளங்குகிறது. பேங்க் வேலையில் டிசம்பர் முதல் தேதி சேரச் சொல்லி ஆர்டர் வந்ததைப் போனில் சொன்னோமே, அதற்குத்தான் நீ வரட்டுமா, இன்னும் இரண்டு போட்டி ஆடிவிட்டு வரட்டுமா என்று கேட்டிருந்தாய். அப்பா படித்துவிட்டு, உடனே டிக்கெட் எடுத்து வரச் சொல்லி எழுதீரு, சதுரங்கம் எங்கயும் ஓடிப் போயிராது, பேங்க் வேலை ஓடிப் போயிரும் என்றார். எனக்கும் அது நியாயமாகத்தான் பட்டது. எழுதக் காகிதமும் எடுத்து வைத்துவிட்டேன். அதற்குள் நடந்த ஒன்றைச் சொல்லாமல் உனக்கு எதையும் எழுத முடியாது.

செவ்வாய்க்கிழமை நம்மிடம் பனியன் வாங்கும் ஜெர்மனிக் கம்பெனியிலிருந்து நம் கம்பெனிக்கு இன்ஸ்பெக்‌ஷன் செய்ய ஒருவர் வந்தார். பெயர் டிமிட்டர், பல்கேரியாக்காரர், அப்பா வயதுதான் இருக்கும், மெலிந்த ஆள். அட்டைப் பெட்டியைப் பிரித்து ஒவ்வொரு பனியனாக எடுத்து, கழுத்தை இழுத்துப் பார்த்து, தையலை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துக்கொண்டிருந்தார். திடீரென்று கரண்ட் போய்விட்டது, ஜெனரேட்டரும் ரிப்பேர். மெஷின் எல்லாம் நின்றதும் அவரை ஆபீசுக்குக் கூட்டிவந்து காபி கொடுத்தேன். சுவரில் நீ மெட்ராசில் கோப்பை வாங்கின படத்தைப் பார்த்தவர் காபியை அப்படியே வைத்துவிட்டு எழுந்து போய்ப் பக்கத்தில் நின்றுகொண்டார். வெளிநாட்டு ஆர்டரைக் கவனிக்கும் நம் மெர்ச்சண்டைசர் குமாரவேல்தான் இங்கிலீஷில் பேசினான், இந்தப் பெண் யாரென்று கேட்கிறாரென்றான். எங்க பொண்ணுங்க, இப்ப ஹங்கேரியில ஆடிட்டு இருக்குதுங்க என்றேன். அவர் பையிலிருந்து கைக்கடக்கமான ஒரு சதுரங்கப் பலகையை எடுத்து மேஜைமேல் விரித்தார். பத்து வருஷம் முந்தியே கிராண்ட்மாஸ்டர் பட்டம் வாங்கினவராம் கண்ணு, ஒலிம்பியாடில் அவர் நாட்டு டீமில் ஆடினவராம்.

உன் அப்பாவைத் தெரியுமே, விடுவாரா, ஒரு கை பார்க்கிறேன் என்று உட்கார்ந்தார். காபி ஆறுவதற்குள் அப்பாவின் ராஜா மாட்டிக்கொண்டது. இன்னொன்று ஆடினார், அதுவும் அப்படித்தான். கட்டிங் மாஸ்டர் வீரணன் முதல் செக்கிங் பெண்கள் வரை எல்லோரும் வாசலில் எட்டிப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். நான்தான் கேள்வியாகக் கேட்டேன், எனக்கு வேறெங்கே இப்படி ஒரு ஆள் கிடைப்பார். பட்டம் வாங்கின பிறகு நீங்களெல்லாம் என்ன ஆகிறீர்கள், எதில் பிழைக்கிறீர்கள் என்றேன். சிலர் சாகிற வரைக்கும் ஊர் ஊராகப் போய் ஆடிக்கொண்டே இருப்பார்களாம், சிலர் பத்திரிகையில் எழுதுவார்களாம். அவருடன் ஆடிய ஒருவர் பல் டாக்டராகிவிட்டாராம். ஒரு அம்மாள் கைக்குழந்தையைப் பக்கத்து அறையில் தூங்க வைத்துவிட்டு வந்து தன் நாட்டு சாம்பியன் பட்டத்தை ஜெயித்தாராம். அதைக் கேட்டதும் செக்கிங்கில் இருக்கும் வேலாத்தாள் அக்கா, குழந்தை நடுவுல அழுதா என்ன பண்ணுவாங்களாம் என்று கேட்டாள். அவர் சிரித்துக்கொண்டே, அழுதது, எழுந்து போய்ப் பால் கொடுத்துவிட்டு வந்து அடுத்த காயை நகர்த்தினார், கடிகாரம் மட்டும் அவருக்காக நிற்கவில்லை என்றார்.

அப்போதுதான் அப்பா என் காதருகில் குனிந்து, பாத்தியா, இத்தனை பெரிய பட்டம் வாங்கியும் கடைசியில நம்ம பனியனத்தான் இழுத்துப் பாத்துட்டு இருக்காரு என்றார். அது பக்கத்தில் நின்ற குமாரவேலுக்கும் கேட்டுவிட்டது, எனக்கு அந்தச் சொல்லை அப்படியே விட மனம் வரவில்லை. குமாரவேலு, ஐயா சொன்னத அவருகிட்ட அப்படியே சொல்லு என்றேன். அம்மா வேண்டாங்க, தப்பா எடுத்துக்குவாருங்க என்று நெளிந்தான். சொல்லு என்றேன், சொன்னான். அவர் விழுந்து விழுந்து சிரித்தார். அவர் நாட்டில் ஆட்சி மாறியதும் ஆட்டக்காரர்களுக்கு அரசாங்கம் கொடுத்துவந்த பணம் நின்றுபோனதாம், பெண்டாட்டி பிள்ளை இருக்கிறார்களே, அதனால்தான் இந்த வேலையாம். ஆனால் வருஷத்தில் இரண்டு மாதம் போட்டிக்குப் போவேன், சம்மதமா என்று கேட்டுத்தான் சேர்ந்தாராம். நம் ஊர் வேலை முடிந்ததும் வடக்கே ஒரு போட்டியில் ஆடிவிட்டுத்தான் ஜெர்மனிக்குத் திரும்புகிறாராம். அதைக் கேட்டதும் அப்பாவே உன் கதையை எல்லாம் சொல்லி, உங்க பொண்ணா இருந்தா என்னங்க சொல்லுவீங்க என்று கேட்டார். டிமிட்டர் காய்களை ஒவ்வொன்றாகப் பெட்டியில் போட்டுக்கொண்டே இருந்தார். பிறகு, என் மகளாக இருந்தால் வீட்டுக்கு வந்துவிடு என்றுதான் சொல்வேன், நானும் அப்பன்தானே, ஆனால் என் அப்பா அப்படிச் சொன்னபோது நான் போகவில்லை என்றார். குமாரவேல் இதைத் தமிழில் சொன்னான். கரண்ட் வந்து மெஷின் சத்தம் கேட்ட பிறகுதான் எல்லோரும் கலைந்தார்கள். அவரும் போய் வேலையைத் தொடர்ந்தார். தோள் தையல் சரியில்லை என்று இரண்டு பெட்டியைத் திருப்பிவிட்டார், அதில் ஒரு தயவும் இல்லை. அப்பாவும் முனகவில்லை.

அன்றைக்கு அப்பா சரியாகச் சாப்பிடவில்லை. மறுநாள் விடிந்ததும் வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு கோயமுத்தூர் பஸ் ஏறினார். சாயங்காலம் வந்து சொன்னார், பேங்க் ஆபீசரைப் பார்த்தாராம், மதியம் வரை வெளியே பெஞ்சில் உட்கார வைத்துவிட்டார்களாம். ஏனுங்க, விளையாட்டுல ஜெயிச்சதுக்காகத்தானுங்க எம் புள்ளைக்கு வேலை குடுத்தீங்க, அந்த விளையாட்டை முடிச்சுட்டு வரட்டுங்களே என்று கேட்டாராம். யாரிடமும் போய் நிற்காத மனுசன் அவர். ஆபீசர் யோசித்துவிட்டு, பிப்ரவரி வரைக்கும் தள்ளித் தருகிறேன், அதற்குமேல் முடியாது என்றாராம். ஆகவே கண்ணு, நீ இப்போது வர வேண்டாம். இரண்டு போட்டியையும் ஆடு. போகச் சொல்லவும் வரச் சொல்லவும் எங்களுக்குத் தெரியவில்லை, காலத்தை மட்டும் வாங்கி வைத்திருக்கிறோம். ஆனால் எனக்கு ஒன்று தெரிந்தாக வேண்டும், அந்த அரைப் புள்ளி எப்படிப் போயிற்று, பயத்திலா, அசதியிலா, இல்லை எதிரில் இருந்தவள் நிஜமாகவே கெட்டிக்காரியா? எனக்குப் புரியாது என்று விட்டுவிடாமல் காய் காயாக எழுது.

அங்கே அரிசி கிடைத்தால் ஒரு வேளையாவது சோறு வடித்துச் சாப்பிடு, ரொட்டியிலேயே காலத்தை ஓட்டாதே. போட்டிக்கு முந்தின நாள் தலைக்குக் குளிக்காதே. முடிவு எதுவானாலும் போன் செய், ஞாயிற்றுக்கிழமை காலையில் வீட்டில்தான் இருப்போம். எல்லா நலமும் கூடி வர எங்கள் ஆசீர்வாதம் உனக்கு எப்போதும் உண்டு. இதை எழுதும்போது அப்பா பின்னால் வந்து நின்றுகொண்டார், நீங்களே ரெண்டு வரி எழுதுங்க என்று பேனாவைக் கொடுத்தேன், வாங்கவில்லை. தோத்தாலும் இது அவ வூடுதான்னு எழுதீரு என்று சொல்லிவிட்டுப் போகிறார்.

இப்படிக்கு,
உன் அம்மா
அ. முத்தாத்தாள்