எந்த ஓடை, மேடம்?

டாக்டரம்மா,

நேற்றுதான் முதல் முறையாகப் பறக்கும் ரயிலில் ஏறினேன். பறக்கவெல்லாம் இல்லை. தூண்களின் மேல் நிதானமாக ஊர்ந்துதான் போனது. ஆசைப்பட்டு ஜன்னலோரம் இடம் பிடித்து வெளியே எட்டிப் பார்த்தேனோ இல்லையோ, கீழே கால்வாயிலிருந்து குப்பென்று ஒரு நாற்றம். எதிரே இருந்த அம்மாள் முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டார். பெட்டி முழுக்க முகம் சுளித்தது. நான் மட்டும் சிரித்தேன். கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தேன். என் மகள் தொடையில் கிள்ளி, "இன்னாம்மா, எல்லாரும் பாக்குறாங்க" என்றாள்.

உங்களைப் போன்ற படித்த மனுஷியை நினைத்துக்கொள்ள மல்லிகைப்பூ வாசனை வர வேண்டும், காபி வாசனை வர வேண்டும். எனக்குக் கால்வாய் நாற்றம் அடித்தால் உங்கள் ஞாபகம் வருகிறது. கோபித்துக்கொள்ளாதீர்கள். ஆரம்பித்து வைத்தது நீங்கள்தான்.

லஸ் பக்கம் அந்த மாடிப்படிக்கு அடியில் இருந்த ஜெராக்ஸ் கடை உங்களுக்கு மறந்திருக்காது. ஒரு மெஷின், ஒரு ஸ்டூல், நான். மூன்றாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்டவள் நான். இங்கிலீஷில் எனக்குத் தெரிந்ததெல்லாம் எது தலை, எது கால் என்பதுதான். ஜெராக்ஸ் எடுக்க அது போதும். நீங்கள் முதல் நாள் ஒரு துணிப்பை நிறையப் புத்தகத்தோடு வந்து நின்றீர்கள். எல்லா அட்டையிலும் ஒரே வெள்ளைக்கார அம்மா. தொப்பி போட்டுக்கொண்டு, படம் பிடிக்கிறவனைப் பார்க்காமல் எங்கேயோ பராக்குப் பார்த்துக்கொண்டிருந்தார். அன்றைக்கே அவருக்கு மனசுக்குள் பேர் வைத்துவிட்டேன், பராக்கம்மா என்று.

பக்கங்கள் தீரவே இல்லை. வாய் சும்மா இருக்குமா எனக்கு?

"இன்னா மேடம், இத்தினி பேப்பரு. எந்த ஆபீஸ் நீங்க?"

"ஆபீஸ் இல்லைம்மா. ஆராய்ச்சி பண்ணிண்டிருக்கேன்."

"எதப் பத்தி?"

நனவோடை என்று சொன்னீர்கள். அந்த நேரம் பார்த்து மெஷின் கடகடவென்று ஒரு பேப்பரை மென்று துப்பியது. நனவு அதன் வாயில் போய்விட்டது. ஓடை மட்டும்தான் என் காதுக்கு வந்து சேர்ந்தது.

"ஓடையா?"

"ஆமா, ஓடை! தெரியுமா உனக்கு?" உங்கள் முகம் விளக்குப் போட்ட மாதிரி ஆகிவிட்டது.

"தெரியாம இன்னா மேடம்? எங்க ஊடே அங்கதான் கீது."

நீங்கள் என்னை ஒரு மாதிரி பார்த்தீர்கள். பிறகு மெதுவாக, "எல்லாருக்குமே அங்கதாம்மா வீடு" என்றீர்கள்.

எனக்குப் பகீரென்றது. எங்கள் சந்து கால்வாய்க் கரையில் இருக்கிறது. அந்த வருஷம் ரயில் பாதைக்கென்று டேப்போடு ஆட்கள் வருவதும் அளப்பதும் கதவில் சாக்பீஸால் கோடு போடுவதுமாக இருந்தார்கள். எந்த நேரம் வீட்டை இடிப்பார்களோ என்பதுதான் சந்து முழுக்கப் பேச்சு. நான் குரலைத் தாழ்த்திக்கொண்டு கேட்டேன்.

"எத்தினி வருசமா பாத்துக்கினு கீறீங்க மேடம்?"

"அஞ்சு வருஷமா. இந்த வருஷம் முடிச்சே ஆகணும். இல்லேன்னா கையை விட்டுப் போயிடும்."

"அங்க கீற ஜனங்க?"

"ஜனங்கதாம்மா முக்கியம். அவா மனசுல என்ன ஓடறதுன்னுதான் நான் பாக்கறேன்."

அன்று சாயங்காலம் சந்தில் நான்தான் வானொலி. ரயிலுக்காக ஓடையை எடுக்கப் போகிற ஆபீசர் பொம்பளை, தங்கமான பொம்பளை, ஜனங்கள் மனசைப் பார்த்துத்தான் எதுவும் செய்வார் என்று வீடு வீடாகச் சொன்னேன். மீன் விற்கிற சரோஜா மட்டும் நம்பவில்லை. "டேப்பு புடிச்சிக்கினு வர்ற ஆபீசரப் பாத்துகீறேன். மனசு புடிச்சிக்கினு வர்ற ஆபீசர நான் பாத்ததே இல்லியே" என்றாள்.

அடுத்த முறை நீங்கள் கடைக்கு வந்தபோது சரோஜா தலைமையில் ஒரு கூட்டமே உங்களைச் சுற்றிக்கொண்டது. நீங்கள் புத்தகத்தை மார்போடு அணைத்துக்கொண்டு சுவரோடு சுவராக நின்ற கோலம் இப்போதும் கண்ணில் நிற்கிறது.

"மேடம், ஒரே பேச்சு. உங்க ஓடை எங்க சந்துக்கு மேலால போவுதா, கீழால போவுதா?"

"எந்த ஓடை?"

"அதான், நீங்க ஆராய்ச்சி பண்ற ஓடை."

"அது மேலயும் இல்லை, கீழயும் இல்லை. உள்ள..." என்று இழுத்தீர்கள்.

"உள்ளியா! ஐயோ, ஊட்டுக்கு உள்ளியே வுடப் போறாங்களாம்டி!" சரோஜா போட்ட சத்தத்தில் எதிர் மருந்துக் கடைக்காரர் வெளியே வந்துவிட்டார்.

பிறகுதான் ஒன்றொன்றாகத் தெரிந்தது. நீங்கள் காலேஜ் டீச்சர். பராக்கம்மா கதை எழுதுகிறவர், செத்துப் பல வருஷமாகிறது. மனிதர்கள் மனசுக்குள் ஓயாமல் ஓடுகிற நினைப்பை அப்படியே கதையாக எழுதுவதற்குப் பெயர்தான் நனவோடை. அவருடைய வாழ்க்கையையும் கதைகளையும் படித்து எழுதி நீங்கள் டாக்டர் பட்டம் வாங்க வேண்டும். எங்கள் கால்வாய்க்கும் அதற்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. விஷயம் புரிந்ததும் என் ஸ்டூலில் உட்கார்ந்து நீங்கள் சிரித்த சிரிப்பு! மூக்குக் கண்ணாடி கழன்று மடியில் விழுந்தது. சந்தே சேர்ந்து சிரித்தது.

சரோஜா மட்டும் இடுப்பில் கையை வைத்துக்கொண்டு கேட்டாள். "அது செரி மேடம். ஒரு கத படிக்கிறதுக்கு இன்னாத்துக்கு அஞ்சு வருசம்?"

உங்கள் சிரிப்பு நின்றுவிட்டது.

அவர்கள் போன பிறகு கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே எனக்குச் சொன்னீர்கள். எழுதி முடித்துவிடலாம். ஆனால் கடைசியில் வைவா என்று ஒன்று உண்டு. வெளியூரிலிருந்து ஒரு பெரிய பேராசிரியர் வந்து எல்லார் முன்னாலும் கேள்வி கேட்பார். யார் வேண்டுமானாலும் வந்து உட்காரலாம், கேட்கலாம். "தாள்ல எழுதுன்னா எழுதிடுவேன் கஸ்தூரி. ஏன்னு ஒருத்தர் மூஞ்சிக்கு நேரா கேட்டா நாக்கு ஒட்டிக்கறது. காலேஜ்ல ஒரு தடவை மேடைல அப்படியே நின்னுட்டேன். ஆத்துல எல்லாருக்கும் தெரியும். என் கைடுக்கும் தெரியும்." அந்த கைடு, உங்களுக்கு வழிகாட்டுகிற பேராசிரியை, சொன்னாராமே, "உன் பேனாவுக்கு இருக்கற வாய் உனக்கு இல்லையே" என்று.

எனக்கு என்ன தோன்றியது தெரியுமா? பேனாவுக்கு வாய் வேண்டுமென்றால்தான் படித்தவர்கள் உதவ வேண்டும். வெறும் வாய்க்கு நான் போதாதா?

அந்த நாட்களில் மத்தியான நேரம் கரண்ட் போகும். மெஷின் வாயை மூடினால் நீங்கள் வாயைத் திறக்க வேண்டும் என்று சட்டம் போட்டேன். நான்தான் வெளியூர்ப் பேராசிரியர். கால்மேல் கால் போட்டுக்கொண்டு, பேப்பர் அட்டையால் விசிறிக்கொண்டு கேள்வி கேட்பேன்.

"உங்க பராக்கம்மா கதைல அப்டி இன்னாதான் நடக்குது?"

"ஒரு பொம்மனாட்டி உக்காந்து துணி மடிச்சுண்டிருக்கா."

"அப்பால?"

"அவ்வளவுதான். மடிச்சுண்டே இருக்கா. ஒவ்வொரு மடிப்புக்கும் அவ மனசுல ஒரு காலம் வந்து போறது. கல்யாணம், சண்டை, சாவு எல்லாம்."

"நானும்தான் டெய்லி துணி மடிக்கிறேன். யாரு புக்கு போட்டாங்க?"

"நீ மடிக்கறச்சே என்ன நெனச்சுப்பே?"

"இந்தக் கிழிஞ்ச லுங்கிய எப்பதான் தூக்கிப் போடுவாரோ இந்த மன்சன்னு."

நீங்கள் கைகொட்டிச் சிரிப்பீர்கள். பிறகு கண் பெரிதாகும், குரல் ஏறும். பராக்கம்மா உடம்பு முடியாமல் படுத்துக் கிடந்ததையும், எழுதவே கூடாது என்று டாக்டர் சொன்னதையும், அவர் கூரையைப் பார்த்துக்கொண்டு மனசுக்குள்ளேயே எழுதிக்கொண்டதையும், பக்கத்து வீட்டு விஷயம் போலக் கொட்டுவீர்கள். "மனசுக்குள்ள எழுதினா எந்த டாக்டரால பிடுங்க முடியும், சொல்லு!" அதைச் சொல்லும்போது சண்டைக்காரி மாதிரி இருப்பீர்கள். எனக்கும் ரத்தம் சூடாகும். கரண்ட் வந்துவிட்டால் எனக்குக் கோபம் வரும். பாதிக் கதையில் மெஷின் உறுமினால் யாருக்குத்தான் வராது?

ஆனாலும் சரோஜாவின் கேள்வியை மட்டும் நான் எடுத்தால் உடனே பேப்பரை அடுக்க ஆரம்பித்துவிடுவீர்கள். அஞ்சு வருசம் இன்னாத்துக்கு?

வைவா அன்று நானும் சரோஜாவும் இருக்கிற பட்டுப்புடவையைக் கட்டிக்கொண்டு வந்து கடைசி வரிசையில் உட்கார்ந்தோம். உங்கள் வீட்டுக்காரர் முன் வரிசையில் உங்களைவிட அதிகமாக வேர்த்துக்கொண்டிருந்தார். முதலில் நன்றாகத்தான் போனது. எழுதி வைத்திருந்ததைப் படித்தீர்கள். பிறகு அந்த வெளியூர்ப் பேராசிரியர் கண்ணாடிக்கு மேலாகப் பார்த்து இங்கிலீஷில் நீளமாக ஏதோ கேட்டார். கேள்வி எனக்குப் புரியவில்லை. உங்கள் முகம் புரிந்தது. பக்கத்திலிருந்த மாணவியைக் கேட்டேன். "நம்ம ஊர்ல யாருக்கு இந்தக் கதையால என்ன, எதுக்கு இவ்வளவு வருஷம் இதுல செலவு பண்ணணும்னு கேக்கறார்" என்றாள்.

சரோஜா என் காதில், "இன்னாடி, என் கேள்விய சுட்டுட்டான்" என்றாள்.

நீங்கள் தண்ணீர் குடித்தீர்கள். மறுபடியும் குடித்தீர்கள். டம்ளர் காலியான பிறகும் குடித்தீர்கள். உங்கள் கைடு தலையைக் குனிந்துகொண்டார். கொஞ்சம் மூச்சு விட்டுக்கொள்ளட்டும் என்று நினைத்தாரோ என்னவோ, பார்க்க வந்தவர்கள் ஏதாவது கேட்பதென்றால் கேட்கலாம் என்றார். யார் கேட்பார்கள்?

நான் எழுந்துவிட்டேன். சரோஜா புடவையைப் பிடித்து இழுக்கிறாள், உட்காரவில்லை.

"மேடம், கரண்ட் பூட்ச்சி. சொல்லுங்க. ஒரு கத படிக்கிறதுக்கு இன்னாத்துக்கு அஞ்சு வருசம்?"

கூடமே திரும்பிப் பார்த்தது. நீங்களும் பார்த்தீர்கள். முதலில் உதடு துடித்தது. அழப் போகிறீர்கள் என்றுதான் நினைத்தேன். அது அழுகை இல்லை, சிரிப்பு. அடக்கப் பார்த்து அடங்காமல் வெடித்து வந்த சிரிப்பு. கண்ணாடியைக் கழற்றினீர்கள். தாளை மூடி வைத்தீர்கள்.

"இவ பேர் கஸ்தூரி. ஜெராக்ஸ் கடைல இருக்கா. என்னைக் கால்வாய் ஆபீசர்னு நெனச்சுண்டா" என்று தமிழில் ஆரம்பித்தீர்கள். அன்றைய பேச்சு முழுவதையும் நடித்தே காட்டினீர்கள். உங்கள் மயிலாப்பூர் வாயால் "எங்க ஊடே அங்கதான் கீது" என்று சொன்னபோது அந்தப் பெரிய பேராசிரியரே மேஜையைத் தட்டினார். சிரிப்பு அடங்கும்வரை காத்திருந்து சொன்னீர்கள்.

"ரெண்டு பேரும் ஒரே வார்த்தையைத்தான் பேசினோம். ரெண்டு பேருக்கும் எல்லாம் புரிஞ்சுதுன்னுதான் நெனச்சோம். அந்த வார்த்தைக்கு அடியில அவளுக்கு ஒரு ஓடை, எனக்கு ஒரு ஓடை. என் ஓடைல புஸ்தகம் போயிண்டிருந்தது. அவ ஓடைல அவ வீடே மிதந்து போயிண்டிருந்தது. சொல்றது ஒண்ணு, ஓடறது ஒண்ணு. என் எழுத்தாளர் எழுதினது அதைத்தான். அது காதுல விழறதுக்கு எனக்கு அஞ்சு வருஷம் ஆச்சு."

அதற்குப் பிறகு இங்கிலீஷில் பேச ஆரம்பித்தீர்கள். அம்மாடி, அது பேச்சா? பல்லவன் பஸ் பிரேக் இல்லாமல் வந்த மாதிரி இருந்தது. ஒரு எழுத்துப் புரியாமல் நானும் சரோஜாவும் கை தட்டினோம். கடைசியில் அந்தப் பேராசிரியர் எழுந்து வந்து உங்கள் கையைக் குலுக்கினார். "டாக்டர் ஆயிட்டாங்க" என்றாள் அந்த மாணவி. மறுநாளே சரோஜா முட்டி வலிக்கு உங்களிடம் வைத்தியம் கேட்டு வந்ததற்கு அந்த மாணவிதான் பொறுப்பு, நான் இல்லை.

ரயில் தூண் கடைசியில் எதிர்க்கரையில் இறங்கியது. எங்கள் சந்து பிழைத்தது. நீங்கள் அபிராமபுரத்துக்குக் குடி மாறியும் வழி சுற்றிக்கொண்டு கடைக்கு வருவீர்கள். ஜெராக்ஸ் எடுக்க ஒரு தாளும் இருக்காது. வந்து ஸ்டூலை இழுத்துப் போட்டுக்கொண்டு, சௌக்கியமா என்று கேட்காமல், "என்ன ஓடறது, கஸ்தூரி?" என்று கேட்பீர்கள். வேறு யாரும் என்னை அப்படிக் கேட்டதில்லை. நானும் லுங்கியிலிருந்து மகளுக்கு மாப்பிள்ளை பார்ப்பது வரை ஓடுகிறதையெல்லாம் சொல்வேன்.

அடையாறு ஆஸ்பத்திரியில் கடைசியாகப் பார்த்தபோதும் அதையே கேட்டீர்கள். குரல் பாதிதான் வந்தது. நான் கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டு, "கடைய பூட்னனா இல்லியான்னு ஓடிக்கினு கீது" என்றேன். நீங்கள் அந்தப் பழைய பார்வை ஒன்று பார்த்து என் கையைத் தட்டிக் கொடுத்தீர்கள். "சரி, சரி. நன்னாப் பூட்டியிருப்பே" என்றீர்கள்.

நீங்கள் போன பிறகு, கடையில் யாராவது சும்மா நின்றால் நானும் கேட்கிறேன். இன்னா ஓடுது சார், இன்னா ஓடுதும்மா என்று. பாதிப் பேர் மெஷினைப் பார்த்து, "ஓடலியா?" என்கிறார்கள். மீதிப் பேர் நின்று சொல்லிவிட்டுப் போகிறார்கள்.

நேற்று ரயிலில் அந்த அம்மாள் மூக்கிலிருந்து முந்தானையை எடுக்காமலே கேட்டார். "இவ்ளோ நாத்தத்துல எப்டிதான் சிரிக்க முடியுதோ உனக்கு? இன்னா விசயம்?"

"ஒண்ணுமில்லம்மா, கால்வா நாத்தம்தான்" என்றேன்.

சொன்னது அது. ஓடியது நீங்கள்.