பாடி பேருந்து நிறுத்தத்தில் என் கைகள்

அன்புள்ள அக்காவுக்கு,

நேற்று மாலை பாடி பேருந்து நிறுத்தத்தில் நின்று, என் கைகளிலுள்ள வெண்திட்டுகளைச் சுற்றி மையால் கோடு வரைந்தேன். தோழி தஸ்லீம் வீடியோ எடுத்தாள்.

முதலில் எல்லோரும் விலகி நின்றார்கள். ஃபேக்டரி வேலை முடிந்து வந்த ஓர் அம்மாள் மட்டும் நெருங்கி, "இன்னாம்மா பண்ணிகினு கீறே?" என்றார்.

"என் உடம்பையே படமாக்குறேன்மா."

அவர் முந்தானையை விலக்கித் தன் கழுத்துத் திட்டைக் காட்டினார். "இத்தையும் போடு. பூ மாதிரி போடு."

நான் வரைந்ததைச் செல்போனில் பார்த்துச் சிரித்தவர், மூன்று பேருந்துகளை விட்டுவிட்டு என்னோடு பேசிக்கொண்டிருந்தார்.

ஞாயிறன்று அந்த வீடியோவை அம்பத்தூரில் திரையிடுகிறோம். உன் மகள் பாப்பாவையும் அழைத்து வா. இந்த வெயிலிலும் அவளுக்கு நீ முழுக்கைச் சட்டை போட்டுவிடுவது ஏனென்று எனக்குத் தெரியும். அன்றைக்கு மட்டும் அவள் இஷ்டப்படி உடுத்தி வரட்டும்.

உன் தங்கை